பதிவேட்டில் ‘வயல்’ என்று எழுதியவர்

இரண்டாயிரத்துப் பதினாறு மார்கழியில் தஞ்சாவூரில் எங்கள் கல்லூரி மைதானத்தில் பெண்கள் சாஃப்ட்பால் போட்டி நடந்தது. வெளியூர்க் கல்லூரிகள் எட்டு வந்திருந்தன. முதல் ஆட்டம் தொடங்கிக் கால் மணி நேரம்கூட ஆகவில்லை, அம்பயர் கையைத் தூக்கி நிறுத்திவிட்டார். பந்து போடுகிற பெண் நிற்கும் பலகைக்கும் மட்டை பிடிக்கிற பெண் நிற்கும் இடத்துக்கும் நடுவில் நாற்பத்து மூன்று அடி இருக்க வேண்டும். அவர் டேப்பை வைத்து அளந்தார். நாற்பத்தொன்றுதான் இருந்தது.

அந்தப் பலகையைப் பதித்தவள் நான். மைதானத்தைப் பெருக்கி, புல் வெட்டி, சுண்ணாம்புக் கோடு போடுவது என் வேலை. என் வீட்டுக்காரர் வரப்புக்கு நேர் பிடிக்கிற நூல் கயிற்றில் முடிச்சுப் போட்டு, அதையே அளவுக்கு வைத்திருந்தேன். முதல் நாள் சாயங்காலம் தூறல். கயிறு நனைந்து சுருங்கியிருக்கிறது. வயலில் ஒரு சாண் முன்னே பின்னே போனால் நெல் ஒன்றும் கேட்காது. அந்தப் பழக்கத்தில் நானும் இருந்துவிட்டேன்.

“யார் அளந்தது இது?” என்று அம்பயர் சத்தம் போட்டார். அத்தனை கல்லூரிப் பிள்ளைகளும் பார்த்துக்கொண்டிருந்தார்கள். வாயைத் திறக்கப் போனேன்.

அதற்குள் எங்கள் அணியின் பயிற்சியாளர் எழில்மொழி மேடம் பெஞ்சிலிருந்து எழுந்து வந்துவிட்டார். “நான்தான் சார் அளந்தேன். தப்பு என்னோடது” என்றார். என் பக்கம் திரும்பி, “அக்கா, மம்மட்டிய எடுத்துட்டு வாங்க, பலகையைத் தோண்டி நகத்தணும்” என்றார். அவ்வளவுதான். விளக்கம் கேட்டு அலுவலகத்திலிருந்து அவருக்குக் கடிதம் வந்தது. பதில் எழுதிக் கொடுத்தார். அடுத்த திங்கட்கிழமை கிட் ரூமைத் திறந்தால், நான் சாப்பாட்டுத் தூக்கு வைக்கிற அலமாரியில் புது இரும்பு டேப் ஒன்று இருந்தது. யார் வைத்தது என்று அவரும் சொல்லவில்லை, நானும் கேட்கவில்லை. அதற்குப் பிறகு எட்டு வருடம் கூட வேலை செய்தோம். ஒரு நாள், ஒரு கோபத்தில்கூட, அந்தப் பேச்சை அவர் எடுத்ததில்லை.

எங்கள் கல்லூரியில் சாஃப்ட்பால் அணிக்கு இதுவரை தலைமைப் பயிற்சியாளராக இருந்தவர்கள் நான்கு பேர். நான்கு பேருக்கும் நான் கோடு போட்டிருக்கிறேன். அதில் எழில்மொழி மேடம் மூன்றாமவர். அவரைப் பற்றிச் சொல்ல வேண்டுமென்றால் முதல் இருவரையும் சொல்லியாக வேண்டும்.

முதலில் ஸ்ரீநிவாசன் சார். திருவிடைமருதூர்க்காரர். பரம்பரையாக நிலபுலம் இருந்த குடும்பம். அவர் காலத்தில் எல்லாம் கைமாறிப்போய் வாத்தியார் வேலைக்கு வந்தவர். கிரிக்கெட்தான் அவருக்கு உயிர். தொண்ணூற்றொன்பதில் ஒரு பெட்டி நிறைய மட்டையும் கையுறையும் மஞ்சள் பந்தும் கல்லூரிக்கு வந்து இறங்கின. சாஃப்ட்பால் என்றார்கள். எடுத்து நடத்த ஆள் வேண்டும் என்றார்கள். இவர் சரி என்றார். ஒரு கையில் விதிப் புத்தகம், ஒரு கையில் விசில். படித்துக்கொண்டே சொல்லிக்கொடுப்பார்.

இந்த ஆட்டத்தில் பந்தை அடித்தவுடன் வலது பக்கம் ஓடி, நடுவில் நிற்கிற பந்து போடுகிறவளை இடது கைப் பக்கம் வைத்துச் சுற்றி வர வேண்டும். எங்கள் பிள்ளைகளுக்கு அது வரவே இல்லை. அடித்ததும் கால் தானாக இடது பக்கம் திரும்பிவிடும். பிறந்ததிலிருந்து கோயில் சுற்றின கால்கள் அல்லவா. சார் தலையில் கை வைத்துக்கொள்வார். “அம்மா தாயே, இது பிரதட்சணம் இல்லேம்மா! நேர் எதிர்ப்பக்கம் ஓடுங்கோ! மகாலிங்க ஸ்வாமிகிட்ட நான் மன்னிப்பு கேட்டுக்கறேன்” என்பார். எனக்கும் முதலில் மனது ஒப்பவில்லைதான். ஒரு வாரம் கண்ணை வேறு பக்கம் திருப்பிக்கொண்டு புல் வெட்டினேன்.

எழில்மொழி இரண்டாயிரத்து ஆறில் பி.ஏ. சேர்ந்தாள். அப்போது எனக்கு அவள் எழிலு. நன்னிலத்துக்குப் பக்கத்துக் கிராமம். அப்பா சாமிதுரை கூலி வேலைக்குப் போய், சிறுகச் சிறுக ஒரு ஏக்கர் வாங்கிச் சொந்தமாகப் பயிர் வைத்தவர். அம்மா ரெங்கம்மாள் நடவு ஆட்களைச் சேர்த்துக் கூட்டிப்போகிறவர்.

சாஃப்ட்பாலில் பந்தைக் கிரிக்கெட் போலத் தலைக்கு மேலே கொண்டுபோய் வீசக் கூடாது. கையைத் தொங்கவிட்டு இடுப்புக்குக் கீழேயிருந்து வீச வேண்டும். ஏழு வருடமாக அது சரியாக வருகிற பிள்ளை ஒன்றும் சாருக்குக் கிடைக்கவில்லை. இவள் முதல் நாள் வந்தாள், பந்தைக் கையில் வாங்கினாள், வீசினாள். கேட்சர் பெண் கையை நகர்த்தவே இல்லை. பந்து கையுறைக்குள் போய் உட்கார்ந்தது. சார் இன்னொன்று போடச் சொன்னார். அதுவும் அங்கேயே போனது.

“யாரும்மா சொல்லிக்கொடுத்தா?”

“யாரும் இல்ல சார். நடவு நடக்குறப்ப வரப்புல நின்னு, கட்டி வச்ச நாத்து முடிய வீசுவேன். அம்மா நிக்கிற எடத்துக்கு நேரா விழணும். தள்ளி விழுந்தா திட்டு விழும்.”

சார் விழுந்து விழுந்து சிரித்தார். எந்த ஊர் என்று கேட்டார். சொன்னாள். சிரிப்பை நிறுத்திவிட்டு, “அந்த ஊர்லதாம்மா எங்க பெரியப்பா நிலம் இருந்தது” என்றார்.

“தெரியும் சார். அதுலதான் எங்கப்பா ஒரு ஏக்கர் வாங்கியிருக்காரு.”

நான் பயந்துபோய்ப் பார்த்தேன். சார் பந்தை எடுத்து அவள் கையில் கொடுத்து, “அப்போ பட்டாக்காரர் வீட்டுப் பொண்ணா? சரிம்மா, நாளையிலேருந்து நீதான் பிட்சர்” என்றார். அன்று முதல் ‘பட்டா’ என்பதே அவர் அவளைக் கூப்பிடுகிற பெயர். “பட்டா, பந்து மேல போறது பார்! இறக்கு, இறக்கு!”

இரண்டு வருடத்தில் சார் ஓய்வு பெற்றார். பஞ்சநதம் சார் வந்தார். ரயில்வேக்காக ஓடிய மனிதர். காலை ஐந்தரைக்கு விசில் என்றால் ஐந்து இருபதுக்கே பிள்ளைகள் மூச்சைப் பிடித்துக்கொண்டு நிற்க வேண்டும். அவர் வந்த பிறகுதான் எங்கள் அணியை மற்றக் கல்லூரிக்காரர்கள் திரும்பிப் பார்த்தார்கள். அது உண்மை. அவருக்கு ஒரு விதி உண்டு: இரண்டு நாள் சொல்லாமல் வராதவள் மூன்றாம் நாள் வர வேண்டாம், சொல்லிவிட்டு மூன்று நாள் வராவிட்டாலும் அதேதான்.

அந்த வருடம் புரட்டாசியில் ஆற்றில் முறை வைத்துத் தண்ணீர் விட்டார்கள். ஆறு நாள் விடுவார்கள், அப்புறம் ஆறு நாள் அடைத்துவிடுவார்கள். தண்ணீர் இருக்கிற ஆறு நாளுக்குள் நட்டால்தான் உண்டு. ரெங்கம்மாள் கூட்டத்தில் இரண்டு பேருக்குக் காய்ச்சல். எழிலு ஐந்து நாள் போய்விட்டாள். திரும்பி வந்தபோது கால் விரல் இடுக்கெல்லாம் சேற்றுப்புண்.

“எங்க போயிருந்தே?” என்றார் பஞ்சநதம் சார்.

“நடவு சார்.”

“அடுத்த வாரம் மேட்ச்னு தெரியுமில்ல?”

“தண்ணி ஆறு நாள்தான் சார் விடுவாங்க.”

“மேட்ச் ஒரு நாள்தாம்மா நடக்கும்.”

பட்டியலில் அவள் பெயரை அடித்துவிட்டார். அந்த வருடம்தான் எங்கள் கல்லூரி முதல் தடவையாக மண்டலக் கோப்பையை வாங்கியது. கோப்பையோடு எடுத்த படத்தில் அவள் இல்லை. எங்கேயாவது போய் அழுதுகொண்டிருப்பாள் என்று தேடிப் போனேன். கிட் ரூம் வாசலில் உட்கார்ந்து கால் புண்ணுக்கு மஞ்சள் வைத்துக்கொண்டிருந்தாள். “அக்கா, சும்மாத்தானே இருக்கேன், கோடு போடுற வண்டிய நான் தள்ளட்டுமா?” என்றாள். படிப்பு முடிகிற வரைக்கும் தள்ளினாள். என்னைவிட நேராகப் போடுவாள்.

பிறகு வெளியூர் போய் உடற்கல்வி படித்து, பெரிய படிப்பும் முடித்து, இரண்டாயிரத்துப் பதின்மூன்றில் எங்கள் கல்லூரிக்கே உதவிக்கு வந்தார். நான் ‘வாங்க மேடம்’ என்றேன். “மேடம்னு கூப்பிட்டீங்கன்னா கிட் ரூம் சாவியை நான் வச்சிக்குவேன், அப்புறம் தூக்குச் சட்டிய வெயில்லதான் வைக்கணும்” என்றார். எல்லார் முன்னாலும் மேடம், தனியாக இருக்கும்போது எழிலு என்று ஒரு சமாதானத்துக்கு வந்தோம். அடுத்த வருடம் பஞ்சநதம் சார் ஓய்வு பெற்றார். தலைமைப் பொறுப்பு இவருக்கு வந்தது. ஆனால் தற்காலிகம் என்றார்கள்.

எங்கள் துறை அறையில் ஒரு பச்சைப் பலகை உண்டு. தலைமைப் பயிற்சியாளர்கள் என்று மேலே எழுதி, கீழே ஸ்ரீநிவாசன் சார் பெயரும் வருடமும், அதற்குக் கீழே பஞ்சநதம் சார் பெயரும் வருடமும் வெள்ளைப் பெயின்டில் இருக்கும். தற்காலிகக்காரர்கள் பெயரைப் பலகையில் எழுதும் வழக்கம் இல்லையாம். வெள்ளிக்கிழமை தோறும் அந்த அறையைத் துடைத்து ஸ்ரீநிவாசன் சார் வைத்துப்போன மகாலிங்க ஸ்வாமி படத்துக்கு நான்தான் விளக்கேற்றுவேன். பலகையின் கீழ்ப் பாதி காலியாகவே கிடக்கும்.

மேடம் பொறுப்பேற்ற முதல் நாள் புதுப் பிள்ளைகளை வரிசையாக நிற்க வைத்தார். ஓடத் தெரியுமா, அடிக்கத் தெரியுமா என்று எதையும் கேட்கவில்லை. “உங்க ஊருக்கு எந்த ஆத்துலேருந்து தண்ணி? எந்த வாய்க்கால்? முறை எப்ப வரும்?” என்று கேட்டு ஒரு நோட்டில் எழுதினார். பிள்ளைகள் ஒருத்தி முகத்தை ஒருத்தி பார்த்துச் சிரித்தார்கள். தஞ்சாவூர் டவுன் பெண் ஸ்ரீவித்யா, “மேம், எங்க வீட்டுக்குக் கார்ப்பரேஷன் குழாய்ல தண்ணி” என்றாள்.

“அவன் மட்டும் தெனமும் விடுறானா? அவனும் முறை வச்சுத்தானே விடுறான். எந்தெந்த நாளுன்னு சொல்லு, எழுதிக்கிறேன். கொடம் தூக்கின அன்னிக்கு உனக்குத் தோள்பட்டைப் பயிற்சி கெடையாது.”

அந்த நோட்டை வைத்துக்கொண்டுதான் அவர் பயிற்சி நாட்களையே வகுப்பார். மேட்டூர் திறந்தாயிற்றா, கல்லணைக்குத் தண்ணீர் எப்போது வரும் என்று பேப்பரில் அதைத்தான் முதலில் பார்ப்பார். வடவாற்றுப் பிள்ளைகளுக்கு நடவு என்றால் முடிகொண்டான் ஆற்றுப் பிள்ளைகளை வைத்து ஆட்டம் போடுவார். வருகைப் பதிவேட்டில் வந்தவர்களுக்கு ஒரு குறி, வராதவர்களுக்கு ஒரு குறி. நடவுக்கோ அறுப்புக்கோ போன பிள்ளைக்கு மட்டும் குறி கிடையாது. கட்டத்துக்குள் பொடி எழுத்தில் ‘வயல்’ என்று எழுதுவார்.

அது விடுமுறை என்று நினைத்துவிடக் கூடாது. “வயலுக்குப் போறவங்களுக்கும் ப்ராக்டிஸ் உண்டு. நாத்து முடிய பந்து போடுற கையாலதான் வீசணும், வீசுறப்ப இடுப்பத் திருப்பணும். பிடிக்கிறவ ஒரு முடியக்கூடக் கீழ விடக் கூடாது. விட்டா வரப்புல ஒரு சுத்து ஓட்டம். உங்க அம்மாக்கிட்ட போன் போட்டுக் கேப்பேன்.” உண்மையிலேயே கேட்பார். ஒரு தடவை ஒரு அம்மா அவரே போன் செய்துவிட்டார். ஸ்பீக்கரில் எல்லோருக்கும் கேட்டது: “ஏங்க மேடம், நீங்க என்னத்தச் சொல்லி அனுப்புனீங்க? எம் பொண்ணு முடி வீசுறேன்னுட்டு எம் மூஞ்சியெல்லாம் சேறாக்கிட்டா! நடவுக்கு வந்த பொம்பளைங்க எல்லாம் சேத்துக்குப் பயந்து குடை கேக்குறாங்க!” மைதானமே சிரித்தது. மேடம் சிரிக்காமல், “எவ்வளவு தூரம்மா நின்னு வீசுனா?” என்று கேட்டார்.

வருடா வருடம் கோப்பை வாங்கினோம் என்று சொல்ல மாட்டேன். ஒரு வருடம் முதல் ஆட்டத்திலேயே தோற்றுத் திரும்பினோம். இரண்டு தடவை கடைசி ஆட்டம் வரை போய் வந்தோம். ஐந்தாவது வருடம் கோப்பை வந்தது. அன்று மைதானத்தில் நின்ற ஒன்பது பேரில் ஆறு பேர் பெயருக்கு நேரே அந்த மாதம் ‘வயல்’ என்று எழுதியிருந்தது. ஊருக்கு வந்து அப்பா அம்மாவோடு படம் எடுத்துக்கொண்டார்கள். இன்றைக்கு அதில் ஒருத்தி போலீஸ். ஒருத்தி கோடியக்கரைப் பக்கம் பள்ளிக்கூடத்தில் விளையாட்டு ஆசிரியை. வழியில் பார்த்தால் ‘ராமாயிக்கா’ என்று வண்டியை நிறுத்துவார்கள். எனக்கே கொஞ்சம் தலை நிமிர்ந்துதான் போகும்.

பத்தாவது வருடம், ஆடி மாதம், அந்தப் பதவியை நிரந்தரமாக நிரப்பப் போவதாக அறிவிப்பு வந்தது. மேடமும் எழுதிப் போட்டார். திருச்சியிலிருந்து முகுந்த் என்று ஒருவரும் எழுதிப் போட்டிருந்தார். மேடத்துக்குத்தான் என்று எல்லாரும் பேசிக்கொண்டோம். அந்த நேரம் பார்த்து, வராத பிள்ளைகளை வந்ததாகக் கணக்குக் காட்டுகிறார் என்று யாரோ கல்லூரிச் செயலாளருக்கு மொட்டைக் கடிதம் எழுதிவிட்டார்கள்.

செயலாளர் மேடத்தைக் கூப்பிட்டு ஒரு தாளைக் கொடுத்தார். இனிமேல் பதிவேட்டில் ‘வயல்’ என்று எழுத மாட்டேன், எக்காரணத்தினாலும் மூன்று நாள் வராதவரை அணியிலிருந்து எடுத்துவிடுவேன் என்று அதில் அச்சடித்திருந்தது. வெள்ளிக்கிழமை நேர்காணலுக்கு வரும்போது கையெழுத்துப் போட்டுக் கொண்டுவந்தால் மற்றதை அவர் பார்த்துக்கொள்வாராம்.

புதன்கிழமை சாயங்காலம் ரோலர் மேல் உட்கார்ந்து அந்தத் தாளை என்னிடம் காட்டினார். எழுத்துக் கூட்டிப் படித்து முடித்தேன். என் மனதில் பட்டதைச் சொன்னேன்.

“எழிலு, கையெழுத்தப் போட்டுக் குடுத்துடு. வேலை கையில வந்ததும் பழையபடி உன் இஷ்டத்துக்குச் செய். யாரு வந்து பாக்கப்போறா?”

“ஏங்க்கா, செவ்வாய் வெள்ளி கோயில் கோயிலா ஏறுற ஆளு, பொய்க் கையெழுத்துப் போடச் சொல்றீங்களே, ஒங்க மாரியம்மா கேட்டா என்ன சொல்வீங்க?”

“அவகிட்ட நான் பேசிக்கிறேன். உனக்கு முப்பத்தாறு வயசாகுது. பத்து வருஷமா அந்தப் பலகை காலியாக் கெடக்குது. எனக்கு வயிறு எரியுது.”

அவர் தாளை மடித்தார். “எனக்கும் எரியாம இல்லக்கா. அப்பா மாசத்துக்கு ஒருக்கா கேக்குறாரு, ‘நிரந்தரம் ஆயிருச்சாம்மா’ன்னு. ஆனா வடுவூர்ப் பக்கத்துலேருந்து வருதே கயல்விழி, இந்த வருஷப் பிட்சர், அதுக்கு அப்பா இல்ல. ஆத்துல தண்ணி விட்டா அது வயல்ல எறங்கித்தான் ஆகணும். நான் இதுல கையெழுத்துப் போட்டா மொதல்ல அடிக்க வேண்டிய பேரு அதோடது. என் பேர அடிச்ச மாதிரி.” தாளைப் பைக்குள் வைத்தார். “வேலையும் வேணும், இதுவும் வேணும். வெள்ளிக்கிழமை கேட்டுப் பாக்குறேன்.”

வியாழக்கிழமை நான் புன்னைநல்லூர் மாரியம்மன் கோயிலுக்குப் போய் மாவிளக்குப் போட்டேன். அந்த இரண்டையும் அப்படியே கேட்டேன்.

வெள்ளிக்கிழமை அட்டெண்டர் வரவில்லை. நேர்காணல் அறைக்கு டீ கொண்டுபோக என்னைச் சொன்னார்கள். செயலாளர், பிரின்சிபால் அம்மா, நடுவில் வெளியிலிருந்து அழைத்த நிபுணர். யார் என்று பார்த்தால் பஞ்சநதம் சார். தலை முழுக்க நரைத்திருந்தது. அவள் பெயரை அடித்த அதே கை மேசை மேல் இருக்கிறது.

மேடம் எதிரே உட்கார்ந்திருந்தார். தாள் மேசை மேல் இருந்தது. கையெழுத்து இல்லை.

“மூணு நாள் வராத பிள்ளைய அணியில வச்சிருந்தா ஒழுங்கு எங்கம்மா இருக்கும்?” என்றார் செயலாளர்.

“வராத நாள்னு நீங்க சொல்றீங்க சார். அந்தப் பிள்ளை விடிஞ்சதும் சேத்துல எறங்கி, பொழுது சாயிற வரைக்கும் குனிஞ்சு நிக்குது. அத ‘வரலை’ன்னு எழுத எனக்குக் கை வரலை. வந்துச்சுன்னும் நான் எழுதலை. எங்க போச்சோ அதத்தான் எழுதியிருக்கேன்.”

“அப்ப கையெழுத்து?”

“போடலை சார்.”

“இது உங்க வேலை விஷயம். தெரியுதில்ல?”

“பத்து வருஷமாத் தெரியும் சார்.”

பஞ்சநதம் சார் அதுவரை பதிவேட்டைப் புரட்டிக்கொண்டிருந்தார். நான் டீயை வைத்துவிட்டு நகராமல் நின்றேன். அவர் கண்ணாடியைக் கழற்றினார்.

“எழில்மொழி, உன்னை அணியிலேருந்து எடுத்தேனே, ஞாபகம் இருக்கா?”

“இருக்கு சார்.”

“கோவம்?”

“அப்ப நெறைய இருந்துச்சு சார். உங்களாலதான் கோடு நேராப் போடக் கத்துக்கிட்டேன்.”

சார் சிரிப்பார் என்று நினைத்தேன். சிரிக்கவில்லை. செயலாளர் பக்கம் திரும்பினார். “அந்த வருஷம் கோப்பை வாங்கினோம் சார். கடைசி ஆட்டத்துல ஒரே ஒரு ரன் வித்தியாசம். பந்து போட ஆள் இல்லாம நாலு பிள்ளைங்கள மாத்தி மாத்திப் போட்டேன். இவ இருந்திருந்தா மத்தியானமே வீட்டுக்குப் போயிருப்போம். விதியப் பிடிச்சிக்கிட்டேன், ஆட்டக்காரிய விட்டுட்டேன். பதினாறு வருஷமா இத யார்கிட்டயும் சொன்னதில்ல. பயிற்சியாளர் யாருன்னு நீங்க முடிவு பண்ணுங்க, அது மார்க்கு, டிப்ளமோ எல்லாம் பாத்துச் செய்யற காரியம். ஆனா யார் வந்தாலும் இந்தப் பதிவேடு இப்படியேதான் இருக்கணும். நான் சொன்னேன்னு எழுதிக்குங்க.”

மேடம் தலையைக் குனிந்துகொண்டார். நான் வெளியே வந்து கண்ணைத் துடைத்தேன்.

பதவி முகுந்த் சாருக்குப் போயிற்று. பயிற்சியாளர் டிப்ளமோ அவரிடம் இருந்தது, மேடத்திடம் இல்லை. அதில் மார்க்குக் குறைந்ததாம். அதே நாளில் இன்னொரு சுற்றறிக்கையும் வந்தது. நடவு, அறுவடை நாட்களில் விளையாட்டுப் பிள்ளைகளுக்கு ‘வயல்’ என்றே பதிவு செய்யலாம், அதற்காக யாரையும் அணியிலிருந்து நீக்கக் கூடாது. செயலாளர் கையெழுத்து.

நான் அம்மன் மேல் கோபமாக இருந்தேன். அதை எழிலிடம் சொன்னேன்.

“ரெண்டு கேட்டீங்க, ஒண்ணு குடுத்துட்டா இல்ல? கோவிச்சுக்கிட்டுக் கோயிலுக்குப் போகாம இருந்துராதீங்க, அப்புறம் எனக்காக வேண்டிக்க ஆள் இல்ல” என்றார். ஒரு மாதத்துக்குள் மதுரைப் பக்கம் ஒரு கல்லூரியில் புதிதாகச் சாஃப்ட்பால் தொடங்க ஆள் தேடினார்கள். நிரந்தரமாக, தலைமைப் பயிற்சியாளராகவே எடுத்துக்கொண்டார்கள். பஞ்சநதம் சார்தான் அவர்களுக்குப் போன் போட்டுச் சொன்னார் என்று பின்னால் கேள்விப்பட்டேன்.

முகுந்த் சார் சின்ன வயது, அடக்கமான பிள்ளை. பொறுப்பு வாங்க வந்தவர் துறை அறையில் பலகையைப் பார்த்தார். “ரெண்டாயிரத்துப் பதினாலுக்கு அப்புறம் யாருமே இல்லையா?” என்று என்னைக் கேட்டார்.

“இருந்தாங்க சார். எழுதலை. தற்காலிகம்.”

“பத்து வருஷமாவா?”

பிரின்சிபால் அம்மாவைப் போய்ப் பார்த்துவிட்டு வந்தார். மறுநாள் பெயின்டர் வந்தான். எழில்மொழி, 2014–2024 என்று எழுதி முடித்த பிறகுதான் தன் பெயரை எழுத விட்டார். மேடத்தின் சாமான்களை எடுத்துப்போக அன்று சாமிதுரை அண்ணன் ஊரிலிருந்து வந்திருந்தார். மேடத்தோடு பலகை முன்னால் நின்று, தலைத்துண்டை எடுத்துக் கக்கத்தில் வைத்துக்கொண்டு, ஒவ்வொரு எழுத்தாகப் படித்தார்.

“மேல இருக்குறது நம்ம ஊரு ஸ்ரீநிவாசய்யாவா?”

“ஆமாப்பா. ‘பட்டா, பட்டா’ன்னு கூப்பிடுவாரே, அவருதான்.”

“அவுக பேருக்குக் கீழ ஒம் பேரா?”

“ரெண்டு பேருக்குக் கீழப்பா.”

“கீழ இருந்தா என்ன? ஒரே பலகைதானே” என்றார். துண்டை உதறி மறுபடி தலையில் கட்டிக்கொண்டார். அவ்வளவு நிமிர்ந்து நின்று நான் அவரைப் பார்த்ததில்லை.

அன்று சாயங்காலம் அவர்களை வழியனுப்பப் புதுப் பேருந்து நிலையத்துக்குப் போனேன். மதுரை பஸ்ஸில் ஜன்னல் ஓரம் இடம் பிடித்து, சாமிதுரை அண்ணனை உட்கார வைத்துவிட்டு, மேடம் கீழே இறங்கி வந்தார். அம்மன் குங்குமத்தை நெற்றியில் வைத்துவிட்டேன். அதற்குப் பிறகு போனில் பேசுகிறோம், நேரில் இன்னும் பார்க்கவில்லை. டிரைவர் ஏறி இன்ஜினைப் போட்டுவிட்டார். நான் அழப் போவது தெரிந்ததும் அவர் என் கையைப் பிடித்துக்கொண்டு வேகமாகச் சொன்னார்:

“அக்கா, முகுந்த் சாரு புதுசு, அவருக்குத் தண்ணி முறை இன்னும் பிடிபடாது. ஞாயித்துக்கிழமை வடவாத்துல தொறக்குறாங்க. கயல்விழி திங்கள்லேருந்து ஆறு நாளைக்கு வராது. காலையில மொத வேலையா அவர்கிட்ட சொல்லி எழுத வச்சிருங்க.”